லேட் மாடல் கனவும் சித்தப்பாவின் கம்ப்யூட்டர் சயின்ஸும்

வட கரோலினாவின் கான்கார்டிலிருந்து ஒரு அம்மா எழுதியிருக்கிறார். மகளுக்கு 17 வயது. இரண்டு கோடையாக சார்லட் மோட்டார் ஸ்பீட்வேயின் சம்மர் ஷூட்அவுட்டில் லெஜண்ட்ஸ் என்ற சின்னப் பந்தயக் கார் ஓட்டுகிறாள். பள்ளி முடிந்ததும் ஸ்டாக் கார் (சாலைக் காரின் உருவத்தில் கட்டிய பந்தயக் கார்) ஓட்டுநராக வேண்டும் என்கிறாள். கலிபோர்னியா சித்தப்பாவோ, வெளி மாநிலத்தில் பெரிய பெயருள்ள பல்கலைக்கழகத்தில் கம்ப்யூட்டர் சயின்ஸ் படிக்கட்டும் என்று நிற்கிறார். திருச்சி பெரியப்பா, "ரேஸ் ஓட்டுற பொண்ணை யார் கட்டுவா?" என்று வாரம் தவறாமல் போன் போடுகிறாராம்.

உங்கள் கவலை புரிகிறது அம்மா. பெரியப்பாவின் கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை. அது படிப்பைப் பற்றிய கேள்வியே இல்லை. சித்தப்பா சொல்வதை மட்டும் பார்ப்போம். வெளி மாநிலக் கட்டணம் கட்டி, பாதிக்குக் கடன் வாங்கி, மகளுக்கு மனமில்லாத ஒரு பட்டம். அதற்கு நான் தலையாட்ட மாட்டேன். வேலை உறுதி என்கிறார். 2021-ல் அப்படிச் சொன்னபோதே அரை உண்மைதான். இப்போது புதிதாகப் படித்து வருபவர்கள் படும் பாட்டை அவரே அவருடைய ஆபீசில் பார்த்துக்கொண்டிருப்பார்.

சரி, அப்படியானால் கார் ஓட்ட அனுப்பிவிடலாமா? கோகார்ட், அகாடமி, ஸ்பான்சர் தேடுவது பற்றியெல்லாம் எல்லோரும் சொல்லிவிட்டார்கள், விட்டுவிடுகிறேன். நம் கோயம்புத்தூர் நாராயண் கார்த்திகேயன் 2010-ல் அமெரிக்க ஸ்டாக் கார் பந்தய அமைப்பான நாஸ்காரின் டிரக் தொடரில் ஓட்டி, ரசிகர்கள் வாக்கில் அந்த ஆண்டின் பிரபல ஓட்டுநராகவும் வந்தார். ஆனால் அவர் ஃபார்முலா ஒன் பார்த்துவிட்டு வந்தவர். உங்கள் மகளுக்கு அந்த வழி பொருந்தாது. அவள் பார்க்க வேண்டியது ஜாஷ் பெர்ரியை.

டென்னசியில் வங்கிக் கவுன்டரில் வேலை பார்த்தவர். கம்ப்யூட்டரில் ஐரேசிங் என்ற கார் பந்தய விளையாட்டு ஓட்டும்போது நாஸ்கார் நட்சத்திரம் டேல் எர்ன்ஹார்ட் ஜூனியரின் பழக்கம் கிடைத்து, 2010-ல் அவருடைய நிறுவனத்தில் லேட் மாடல் (உள்ளூர்த் தடங்களில் ஓடும் ஸ்டாக் கார் வகை) ஓட்ட வந்தார். பத்தாண்டுக்கு மேல் ஹிக்கரி போன்ற அரை மைலுக்கும் குறைவான தடங்களில்தான் ஓட்டம். 2020-ல் நாஸ்கார் உள்ளூர்த் தடங்களில் நடத்தும் வாராந்திரத் தொடரின் தேசிய சாம்பியன். நாஸ்காரின் உச்சத் தொடரான கப் தொடரில் முதல் வெற்றி 2025 மார்ச்சில், லாஸ் வேகஸில். அப்போது வயது 34. இடைப்பட்ட காலத்தில் சோறு போட்டது பட்டறை வேலை.

அந்தப் பட்டறையைத்தான் யாரும் கண்டுகொள்வதில்லை. பிராந்திய அளவில் பரிசுப் பணம் பல நேரம் டயர் செலவுக்கே காணாது. ஆனால் காரை 'செட்டப்' செய்யத் தெரிந்த ஓட்டுநருக்கு வேலை உண்டு. நான்கு சக்கரத்தின் கீழும் தராசுத் தட்டு வைத்து எடை பார்ப்பார்கள். வலது முன், இடது பின் சக்கரங்களின் எடையைக் கூட்டி, மொத்த எடையில் எத்தனை சதவீதம் என்று கணக்கிடுவார்கள். ஸ்பிரிங் மேலுள்ள திருகைக் கொஞ்சம் முடுக்கினால் அது மாறும்; கூடினால் வளைவில் கார் திரும்ப மறுக்கும், குறைந்தால் வால் வீசும். தையற்காரர் இடுப்பளவு எடுப்பதுபோல் டயரைச் சுற்றி டேப் பிடிப்பார்கள். வலது டயரின் சுற்றளவு இடதைவிடக் கூடுதலாக இருந்தால் கார் தானே இடப்பக்கம் இழுக்கும். ஓவல் தடத்தில் இடப்பக்கம் மட்டும்தானே திருப்பம்! ஓடி நின்றதும் டயரின் உள், நடு, வெளி விளிம்புகளில் ஊசி குத்தி வெப்பம் பார்ப்பார்கள். இத்தனையும் தெரிந்தவர் அடுத்தவர் காருக்கும் செட்டப் செய்து தரலாம், சின்னப் பிள்ளைகளுக்குப் பயிற்சி தரலாம், நாளைக்கு டீமின் மெக்கானிக்குகளுக்குத் தலைவரான க்ரூ சீஃப் ஆகலாம்.

இதைப் படிப்போடு சேர்க்க உங்கள் வீட்டுக்குப் பக்கத்திலேயே இடம் இருக்கிறது. யுஎன்சி சார்லட்டில் மெக்கானிக்கல் இன்ஜினியரிங்கில் மோட்டார்ஸ்போர்ட்ஸ் பிரிவு உண்டு. ஃபார்முலா எஸ்ஏஇ என்ற கல்லூரிப் போட்டிக்கு மாணவர்களே பந்தயக் கார் கட்டுகிறார்கள். அங்குள்ள ஆய்வுக்கூடத்துக்கு ஆலன் குல்விக்கியின் பெயர். அவர் மெக்கானிக்கல் இன்ஜினியர். சொந்த டீம் வைத்துத் தானே ஓட்டி 1992-ல் கப் சாம்பியன் ஆனவர். உள் மாநிலக் கட்டணம்தான், மகள் வீட்டிலிருந்தே போய்வரலாம்.

உங்கள் கடிதத்தில், "சனிக்கிழமையானால் பக்கத்து வீட்டு கராஜில் கிடக்கிறாள், கையெல்லாம் கிரீஸ்" என்று குறைப்பட்டிருந்தீர்கள். கார் ஓட்ட ஆசைப்படும் பிள்ளைகள் நிறைய. கழற்றி மாட்ட உட்காரும் பிள்ளைகள் குறைவு. அவளை அந்த கராஜிலிருந்து இழுக்காதீர்கள்.

ஆனால் பணத்தில் நான் கறார். லேட் மாடலுக்காக வீட்டின் மேல் கடன் கூடாது. 401கே ஓய்வுக்காலச் சேமிப்பில் கை வைக்கக் கூடாது. ஓய்வு வயதுக்கு முன் எடுத்தால் பொதுவாக வரியோடு பத்து சதவீத அபராதமும் போகும். ஆண்டுக்கு இவ்வளவுதான் என்று ஒரு தொகையை மகளையும் உட்காரவைத்து முடிவு செய்யுங்கள். தீர்ந்தால் அந்த ஆண்டு ஓட்டமும் தீர்ந்தது.

அப்புறம், ஒரு டீம்காரர் பந்தயத்துக்கு இவ்வளவு வாடகை என்று காகிதம் அனுப்பியிருப்பதாகச் சொன்னீர்கள். கையெழுத்துப் போடும் முன், கார் சுவரில் இடித்தால் செலவு யாருடையது, அதற்கு உச்சவரம்பு என்ன, பட்டறையில் மகளும் வேலை செய்ய விடுவார்களா என்று எழுத்தில் கேளுங்கள். மூன்றாவதுக்கு 'இல்லை' என்றால் வேறு டீம் பாருங்கள்.