இல்லாத ஊரா, கொள்ளேகாலா?

கேள்வி: கூட்டாட்சியையும் குடியுரிமையையும் இணைத்துப் பல்கலைக்கழகங்களில் ஆராய்கிறார்களாம். நம் நாட்டில் இருப்பது ஒரே குடியுரிமை. அதுவும் ஒன்றிய அரசின் பொறுப்பு. மாநிலத்துக்கு அதில் என்ன வேலை? இது இல்லாத ஊருக்கு வழி கேட்பதுபோல் இல்லையா?
(வாசகர், கோபிசெட்டிபாளையம்)

பதில்: ஊர் இருக்கிறது, உங்களுக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. அந்தியூர் தாண்டிப் பர்கூர் மலையேறி மறுபக்கம் இறங்கிப் போனால் கொள்ளேகால் வரும். 1956 அக்டோபர் 31 வரை அந்த வட்டம் நம் கோயம்புத்தூர் மாவட்டத்தில் இருந்தது. மறுநாள் மைசூர் மாநிலத்தோடு சேர்ந்தது. அங்கிருந்த எவருடைய குடியுரிமையிலும் ஓர் எழுத்துகூட மாறவில்லை. ஆனால் மேல்முறையீட்டுக்குப் போக வேண்டிய உயர் நீதிமன்றம், அரசு வேலைக்கு விண்ணப்பிக்கும் தேர்வாணையம், பிள்ளைகளின் பாடத்திட்டம், அலுவலகத்தில் மனு எழுதும் மொழி என்று அன்று தொடங்கி ஒவ்வொன்றாக மாறின. வாசற்படி தாண்டாதவருக்கே இது நேர்ந்ததென்றால், பிழைப்புத் தேடி மாநிலம் விட்டு மாநிலம் போனவரின் நிலை என்ன என்று கேட்பதுதான் நீங்கள் கேலி செய்யும் அந்த ஆய்வு.

சட்டப்படி நீங்கள் சொன்னது சரியே. அமெரிக்காவில் 1868ஆம் ஆண்டுத் திருத்தம் ஒருவரை நாட்டின் குடிமகனாகவும் தாம் வசிக்கும் மாநிலத்தின் குடிமகனாகவும் ஆக்கியது. நம் நாட்டில் ஆட்சி இரண்டானாலும் குடியுரிமை ஒன்றே என்பதை அம்பேத்கர் 1948 நவம்பர் 4 அன்று அரசியல் நிர்ணய சபையில் விளக்கினார். ஆனால், அந்த ஒற்றைக் குடியுரிமையை வைத்துக்கொண்டு ஒருவர் அன்றாடம் ஏறி இறங்கும் மருத்துவமனை, காவல் நிலையம், நில ஆவணம், ஊராட்சி ஆகியவை மாநிலப் பட்டியலில், அதாவது மாநில அரசின் அதிகாரத்தில் உள்ளன. கல்வியும் 1976 வரை அங்கேதான் இருந்தது. அரசியல் சட்டத்தையே கூர்ந்து படியுங்கள்: 15ஆவது பிரிவு பிறந்த இடத்தை வைத்துப் பாகுபாடு காட்டக் கூடாது என்கிறது, வசிப்பிடத்தைக் குறிப்பிடவில்லை, அரசு வேலை பற்றிய 16ஆவது பிரிவு இரண்டையும் தடுத்துவிட்டு, வசிப்பிட நிபந்தனை விதிக்கும் அதிகாரத்தை நாடாளுமன்றத்துக்கு மட்டும் விட்டுவைக்கிறது. வசிப்பிடம் என்ற அந்த ஒரு சொல் 15இல் விடுபட்ட இடைவெளியில்தான் கல்லூரிச் சேர்க்கை வழக்குகள் 1955 முதல் உச்ச நீதிமன்றத்துக்கு ஓயாமல் வருகின்றன.

திருப்பூர் பனியன் கம்பெனிக்குப் பீகாரிலிருந்து வந்த பட்டியல் சாதித் தொழிலாளியை எடுத்துக்கொள்ளுங்கள். அவர் இங்கே வசிக்கலாம், வாக்காளராகவும் பதிந்துகொள்ளலாம். ஆனால் அவர் கொண்டுவந்த சாதிச் சான்று தமிழ்நாட்டின் இடஒதுக்கீட்டுக்குச் செல்லாது. சொந்த மாநிலத்தின் பட்டியல் நிலை இன்னொரு மாநிலத்துக்குக் கூடவே வராது என்று உச்ச நீதிமன்றம் 1990இல் தீர்ப்பளித்தது. பட்டியல்கள் மாநிலவாரியாக அமைந்ததற்கு நியாயம் உண்டு, ஏனெனில் ஒடுக்குமுறையின் வடிவம் இடத்துக்கு இடம் வேறு. ஆயினும் அவர் சுமந்த இழிவு ரயிலேறும்போது கழன்று விழுந்துவிடவில்லை. (இதைத் திருப்பூர்ச் சிக்கல் என்று ஒதுக்கிவிட வேண்டாம், வட மாநிலங்களில் ஆழ்துளைக் கிணறு போடப் போகும் திருச்செங்கோட்டு வண்டிக்காரர்களும் அங்கே வந்தேறிகள்தாம்.)

இன்னும் நுட்பமானது பர்கூர். அங்குள்ள மலையாளி இனத்தவர் (கேரளத்தாரைச் சொல்லவில்லை) பழங்குடியினர் சான்று கேட்டு நெடுங்காலமாகப் போராடி வருகிறார்கள். தமிழ்நாட்டுக்கான பட்டியலில் அவ்வினத்தின் பெயருக்கு அருகே தருமபுரி, வட ஆர்க்காடு, புதுக்கோட்டை, சேலம், தென் ஆர்க்காடு, திருச்சிராப்பள்ளி என்று மாவட்டங்கள் குறிக்கப்பட்டிருக்கின்றன. 1979இல் ஈரோடு பிரியும்வரை பர்கூர் இருந்த கோயம்புத்தூர் அதில் இல்லை. ஒரே இனத்தார் சேலத்து மலையில் இருந்தால் பழங்குடியினர், பர்கூர் மலையில் இருந்தால் இல்லை. இதை மாநில அரசு நினைத்தாலும் திருத்த முடியாது. 342ஆவது பிரிவின்படி நாடாளுமன்றம் சட்டம் இயற்ற வேண்டும். மாநிலத்துக்கு என்ன வேலை என்று கேட்டீர்களே: பட்டியலைத் திருத்தும் அதிகாரம் டில்லியில், சான்றை மறுத்து மனுவைத் திருப்பித் தரும் வேலை இங்குள்ள வருவாய்த் துறையிடம்.

எனக்கும் இந்த ஆய்வாளர்கள்மீது ஒரு மனத்தாங்கல் உண்டு. அவர்களில் பலர் தீர்ப்புகளையும் சபை விவாதங்களையும் கரைத்துக் குடிக்கிற அளவுக்கு வட்டாட்சியர் அலுவலகத்துத் திண்ணையில் உட்காருவதில்லை. உங்கள் வீட்டுப் பிள்ளை யாரேனும் இத்துறையில் முனைவர் பட்டம் செய்வதாக இருந்தால், தடுக்காமல் முதலில் பர்கூருக்குப் பேருந்து ஏற்றிவிடுங்கள்.