போலீஸ் ரிப்போர்ட்டை மட்டும் வச்சு ஸ்டாலின் காலத்து ஜனங்களை எழுத முடியுமா?

1930கள்ல சோவியத் ஜனங்க எப்படி வாழ்ந்தாங்கன்னு தீசிஸ் எழுதுறீங்க, கைல இருக்கறது ரகசிய போலீஸ் ரிப்போர்ட் மட்டும்தான், கைடு "இதுல ஜனங்க எங்கம்மா"ன்னு திருப்பிக் குடுத்துட்டார்னு போட்டிருந்தீங்க. கோவிச்சுக்காதீங்க, கைடு சொல்றது நியாயம்தான். அரசாங்கத்தைத் திட்டுறவனைக் கண்டுபிடிச்சு எழுதுறதுதான் அந்த ஆபீசருக்கு வேலையே, அப்ப திட்டுதான் நிறைய இருக்கும், படிச்சு வேலைல மேல வந்து சந்தோஷமா இருந்தவன் அதுல எங்க வரப்போறான்?

அப்ப பேருக்கு சோவியத் நாட்டுத் தலைவரா இருந்த கலினினுக்கும் பத்திரிகைகளுக்கும் ஜனங்க எழுதின கடுதாசிகளைத் தேடுங்க. வீடு கேட்டு, புருஷன் ஜீவனாம்சம் தரலன்னு, ஏன் பக்கத்து ரூம்காரனைப் போட்டுக் குடுத்துகூட எழுதியிருக்காங்க (அவன் போனா ரூம் நமக்குன்னு ஒரு கணக்கு). ஒரே ஃப்ளாட்ல பல குடும்பம், சமையல்கட்டு ஒண்ணு, ஆளாளுக்குத் தனி ஸ்டவ், வாசல் பெல்லு எத்தனை தடவை அடிச்சா யாருக்குன்னு கணக்கு. அங்கதாங்க உங்க சப்ஜெக்ட் இருக்கு.

1937 சென்சஸை விட்டுடாதீங்க. மதம் இருக்கான்னு கேட்டதுக்கு 16 வயசுக்கு மேல பாதிக்கும் அதிகமானவங்க தைரியமா இருக்குன்னுட்டாங்க, கடைசில ரிசல்ட்டையே அமுக்கிட்டு சென்சஸ் ஆபீசருங்களைப் பிடிச்சு உள்ள போட்டாங்க.

ரஷ்யன் தெரியாதுன்னா ஹார்வர்ட் 1950-51ல சோவியத் அகதிங்ககிட்ட எடுத்த பேட்டிங்க இங்கிலீஷ்லயே நெட்ல ஃப்ரீயா இருக்கு. நாட்டை விட்டு வந்தவங்க பேச்சு, அதை ஒரு வரி சொல்லிட்டு யூஸ் பண்ணுங்க, இல்லன்னா கைடு மறுபடி பிடிச்சுக்குவார்.