ரத்தம் சிந்தாத புரட்சியா?

அன்புள்ள ஆசிரியருக்கு,

தாய்லாந்தின் 2006 ராணுவப் புரட்சி பற்றி நீங்கள் எழுதியதைப் படித்தேன். அப்போதைய பிரதமர் தக்சின் சினவாத்ரா அதிகாரத்தைத் தவறாகப் பயன்படுத்தியவர் என்று நீங்களே ஒப்புக்கொள்கிறீர்கள். ஒரு சொட்டு ரத்தம் சிந்தாமல் ராணுவம் அவரை இறக்கியது. ஜனங்கள் டாங்கிகளுக்குப் பூ கொடுத்தார்கள். நாடு ஏற்கெனவே இரண்டுபட்டுத்தானே கிடந்தது? ராணுவத்தை ஏன் குறை சொல்ல வேண்டும்?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

இரண்டுபட்டுத்தான் கிடந்தது. தக்சின் மேல் இருந்த கோபமும் நியாயமானதே. 2003இல் அவர் அறிவித்த போதைப்பொருள் ஒழிப்பில் மூன்றே மாதத்தில் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்டோர் செத்தார்கள். அடுத்த வருடம் தெற்கே தாக் பாயில் கைதான முஸ்லிம்களை லாரிகளில் ஒருவர் மேல் ஒருவராக அடுக்கிக் கொண்டுபோனதில் 78 பேர் மூச்சுமுட்டி இறந்தார்கள். அடுக்கியது யார்? ராணுவம். தக்சினை இறக்கிய பிறகாவது விசாரித்தார்களா? ஒருவர்கூடத் தண்டனை பெறாமல் 2024 அக்டோபரில் அந்த வழக்கு காலாவதியாகிவிட்டது.

வடகிழக்கே ஈசான் பகுதி நெல் விவசாயிக்கோ தக்சின் வேறு ஆள். தாய்லாந்துப் பணத்தில் 30 பாட் கட்டினால் வைத்தியம் என்ற திட்டம் வந்தது அவர் ஆட்சியில்தான். அந்த விவசாயியின் ஓட்டு செல்லாது என்று பாங்காக்கில் நின்ற டாங்கி சொன்னது. கட்சிச் சண்டையாக இருந்தது அன்றைக்குத் தன்மானப் பிரச்சினை ஆனது.

சரி, ரத்தத்துக்கு வருவோம். நுவாம்தோங் பிரைவான் என்ற டாக்சி ஓட்டுநர், புரட்சி நடந்த அதே மாதக் கடைசியில் தன் டாக்சியை ஒரு டாங்கி மேல் கொண்டுபோய் மோதினார். பிழைத்துக்கொண்டார். கொள்கைக்காக உயிரை விடுகிற அளவுக்கு யாரும் இல்லை என்றார் ஒரு ராணுவ அதிகாரி. அது தவறு என்று கடிதம் எழுதி வைத்துவிட்டு, அக்டோபர் 31 அன்று நுவாம்தோங் தன் உயிரை மாய்த்துக்கொண்டார். வயது அறுபது.

2010இல் தக்சின் ஆதரவாளர்களான செஞ்சட்டைக்காரர்கள் பாங்காக் தெருக்களில் உட்கார்ந்து கேட்டது தேர்தலைத்தான். அந்த ஏப்ரல், மே மோதல்களில் 90க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள், பெரும்பாலும் சாதாரண ஜனங்கள். இந்தச் சாவுகளையும் நான் 2006இன் கணக்கில்தான் எழுதுவேன். 2011 தேர்தலில் தக்சினின் தங்கை யிங்லக் ஜெயித்தார். 2014 மே மாதம் ராணுவம் மறுபடி வந்தது. அடுத்த தேர்தலுக்கு 2019 மார்ச் வரை காக்க வேண்டியிருந்தது.