பிலிப்பைன்ஸின் 'தேசத்துரோக நாடகங்கள்' மேடையில் எப்படி வேலை செய்தன?

கேள்வி: 1900களின் தொடக்கத்தில் அமெரிக்க ஆட்சிக்கு எதிராக மணிலாவில் போட்ட நாடகங்கள் சட்டத்தின் கண்ணில் எப்படி மண்ணைத் தூவின? இன்று ஒரு குழு அவற்றை மேடையேற்றினால் எங்கே சறுக்கும்?

சட்டத்திலிருந்து தொடங்குவோம். அது தெரியாவிட்டால் இந்த நாடகங்கள் வெறும் காதல் கதைகளாகத்தான் தெரியும். 1901 நவம்பர் 4 அன்று அமெரிக்க நிர்வாகம் 292ஆம் எண் சட்டத்தைக் கொண்டுவந்தது. அமெரிக்கர்களுக்கும் பிலிப்பினோக்களுக்கும் நடந்த போர் முடிந்ததாக அறிவிக்கும்வரை, அமைதியான வழியில்கூடச் சுதந்திரம் வேண்டும் என்று பேசவோ எழுதவோ கூடாது என்றது அதன் பத்தாம் பிரிவு. அரசுக்கு எதிராகத் தூண்டிவிடும் பேச்சுக்கும் எழுத்துக்கும் 2,000 டாலர் வரை அபராதம், இரண்டு ஆண்டு வரை சிறை என்றது எட்டாம் பிரிவு. 1902 ஜூலை 4 அன்று போர் முடிந்தது என்று அறிவித்த பிறகும் எட்டாம் பிரிவு போகவில்லை. நாடகக்காரர்கள் மாட்டியது இதில்தான்.

அப்போது மணிலாவில் எடுபட்ட வடிவம் சர்சுவேலா. பாட்டும் வசனமும் கலந்த இசை நாடகம், ஸ்பெயினிலிருந்து வந்தது. செவெரினோ ரெயெஸின் 'வலாங் சூகத்' 1902இல் அரங்கேறியது. நாயகன் தென்யோங், அதற்கு முன் ஆண்ட ஸ்பெயினுக்கு எதிரான புரட்சிப் படைவீரன். காதலி ஹூலியாவுக்கு வேறொருவனோடு கல்யாணம் நடக்கும் நேரத்தில், குற்றுயிராகக் கிடப்பவன்போல அவனைத் தூக்கி வருகிறார்கள். சாகும் முன் அவளை மணக்க வேண்டும் என்பது கடைசி ஆசை. எப்படியும் செத்துவிடுவான்தானே என்று மாப்பிள்ளையும் சம்மதிக்கிறான். கல்யாணம் முடிந்ததுதான் தாமதம், தென்யோங் எழுந்து நிற்கிறான்: உடம்பில் காயமே இல்லை! இதில் வில்லன்கள் ஸ்பானியப் பாதிரிகள். அமெரிக்கர்களுக்கு இதில் வருத்தப்பட ஒன்றுமில்லை.

சிக்கல் அடுத்த வகையில். ஹுவான் அபாதின் 'தானிகலாங் கிந்தோ' (தங்கச் சங்கிலி), ஔரேலியோ தொலென்தினோவின் 'கஹாபோன், ஙயோன் அத் பூகாஸ்' (நேற்று, இன்று, நாளை), ஹுவான் மதாபாங் க்ரூஸின் 'ஹிந்தி அகோ பதாய்' (நான் சாகவில்லை) ஆகியவை இந்த வகை. ரெயெஸ் கதை சொன்னார். இவர்கள் கதையை உறையாக்கி உள்ளே வேறொன்றை வைத்தார்கள்.

முதல் உத்தி, பாத்திரப் பெயர். தங்கச் சங்கிலியில் நாயகி லிவனாக், அதாவது ஒளி. அவளை வளர்ப்பவன் மயிம்போத், பேராசைக்காரன். ஆட்சியில் இருந்த அமெரிக்கர்களில் பெரும்பாலோருக்கு மணிலா மக்களின் மொழியான தகலாக் தெரியாது. அவர்கள் காதில் இவை வெறும் பெயர்கள். கொட்டகையில் இருந்தவர்களுக்கோ ஒவ்வொரு அழைப்பும் ஒரு குற்றச்சாட்டு. தொலென்தினோ இன்னும் ஒரு படி போனார். அமெரிக்க அரசுக்கு அவர் வைத்த பெயர் மலாய்நாதின். 'யாருக்குத் தெரியும்' என்று தோளைக் குலுக்குகிற தொனி அதில் இருக்கிறது. திட்டவும் இல்லை, நம்பவும் இல்லை.

இரண்டாவது, கையில் பிடிக்கும் பொருள். மயிம்போத் லிவனாகுக்கு அன்பளிப்பாகத் தங்க வளையல் தருகிறான். அதுவே பின்னால் அவளைக் கட்டும் சங்கிலியாகிறது. காலனிய 'நல்லெண்ணம்' பற்றி நூறு பக்கம் எழுதலாம், இந்த ஒரு வளையல் போதும்.

மூன்றாவது உத்திதான் எனக்கு எல்லாவற்றிலும் கெட்டிக்காரத்தனமாகத் தெரிகிறது. அந்தக் காலத்தில் மணிலாவில் இருந்து இந்த நாடகங்களைப் பற்றி எழுதிவைத்த அமெரிக்கர் ஆர்தர் ரிக்ஸ் இதைப் பதிவு செய்கிறார். நடிகர்களின் உடைகள் தனித்தனியாக நீலம், சிவப்பு, வெள்ளை. சம்பந்தமே இல்லாதவைபோல மேடையில் திரிகிற அந்த நிறங்கள் ஒரு கட்டத்தில் ஒன்றுகூடிப் பிலிப்பைன்ஸ் புரட்சிக் கொடியாகின்றன. கூட்டம் ஆர்ப்பரிப்பதற்குள் கலைந்துவிடுகின்றன. பிரதியில் இதற்கு ஒரு வரி கிடையாது. எதைப் பறிமுதல் செய்வது?

அப்படியானால் எப்படி மாட்டினார்கள்? கவனித்தால், கலவரம் வெடித்தது அர்த்தம் சிதறாமல் ஒரே இடத்தில் குவிந்தபோது. 1903 மே 8, மலபோன் ஊரில் 'ஹிந்தி அகோ பதாய்'. திரைச்சீலையில் புரட்சியின் சூரியன் எழுகிறது. பார்வையாளர்களில் இருந்த ஒரு குடிகார அமெரிக்கச் சிப்பாய் காலி பியர் பாட்டிலை அதன்மேல் வீசி, மேடையேறிக் காட்சிச் சீலையைக் கிழித்தான். அடுத்து கைதானது நாடகக்காரர்கள்! ஆறு நாள் கழித்து, மே 14, தெயாத்ரோ லிபெர்தாத் அரங்கில் தொலென்தினோவின் நாடகம். அமெரிக்கக் கொடியை அவமதிக்கும் கட்டத்தில் நடிகர்கள் தயங்க, ஆசிரியரே மேடைக்குத் தாவி அதைச் செய்தார் என்பார்கள்.

தொலென்தினோ வழக்கு உச்ச நீதிமன்றம்வரை போய் 1906 மார்ச்சில் முடிந்தது. இது வெறும் இலக்கியப் படைப்பு என்ற வாதம் எடுபடவில்லை. எந்த நேரத்தில், எந்தச் சூழலில், எந்த விதத்தில் நடித்துக் காட்டப்பட்டது என்பதைப் பார்த்தால் அந்த வாதம் அபத்தம் என்றது நீதிமன்றம். இரண்டு ஆண்டு சிறை, 2,000 டாலர் அபராதம்: சட்டம் அனுமதித்த உச்சம். நாடகம் காகிதத்தில் இல்லை, நிகழ்த்துவதில் இருக்கிறது என்பதை நீதிபதிகள் நம் விமர்சகர்கள் பலரைவிடத் தெளிவாகப் புரிந்துகொண்டிருந்தார்கள். 1907இல் கொடிக்கே தனித் தடைச் சட்டம் வந்து, 1919வரை நீடித்தது.

இந்தச் சிதறடிக்கும் உத்தி அதோடு நிற்கவில்லை. அதிபர் மார்கோஸின் ராணுவச் சட்ட காலத்தில், 1973இல், ஆட்சிக்கு இணக்கமான ஃபோகஸ் பத்திரிகையில் ஒரு கவிதை வந்தது. பொருள் ஏதோ கிரேக்கப் புராணம். வரிகளின் முதலெழுத்துகளை மேலிருந்து கீழாகப் படித்தால் 'மார்கோஸ் ஹிட்லர் திக்தாதோர் தூதா'. தூதா என்றால் கைக்கூலி. புனைபெயரில் எழுதியவர் ஹோசே லகாபா. 1977இல் போனிபாசியோ இலாகன் எழுதிய 'பக்சாம்பாங் பாயான்' கத்தோலிக்கத் திருப்பலியின் அமைப்பையே எடுத்துக்கொண்டது. ஊருக்கே மனப்பாடமான சடங்கு, நடுவில் விவசாயியும் தொழிலாளியும் பேசுகிறார்கள். அதை இயக்கிய பேன் செர்வாந்தெஸ் கைதானார். வோல்டெஸ் ஃபைவ் என்ற ஜப்பானிய ரோபோ கார்ட்டூனை 1979இல் முடிவுக்குச் சில அத்தியாயங்கள் இருக்கும்போது தடை செய்தார்கள். வன்முறை அதிகம் என்பது சொன்ன காரணம். கொடுங்கோல் பேரரசுக்கு எதிரான கலகம் அதில் இருந்ததுதான் நிஜக் காரணம் என்று அந்தத் தலைமுறை இன்றும் சொல்கிறது.

இனி, மேடையேற்றுவது.

கொடிக் காட்சியில்தான் பெரும்பாலும் சொதப்பும். பிலிப்பைன்ஸ் கொடியில் நீலம் மேலே இருந்தால் அமைதிக் காலம், சிவப்பு மேலே இருந்தால் போர்க் காலம். 1998ஆம் ஆண்டின் 8491ஆம் எண் சட்டத்திலேயே இது இருக்கிறது. எனவே நீல உடைக்காரர்கள் பின்வரிசையில் நிற்க, சிவப்பு முன்னால் மண்டியிட, வெள்ளை பார்வையாளரின் இடது பக்கம் வர வேண்டும். நிற்பவர்களையும் மண்டியிடுபவர்களையும் மாற்றினால் போர்ப் பிரகடனம். அதை வேண்டுமென்றே செய்தால் அற்புதம், தெரியாமல் செய்தால் பிலிப்பினோ பார்வையாளர் நெளிவார். கொடியையே உடையாகத் தைக்காதீர்கள். அதே சட்டம் அங்கே அதைத் தடுக்கிறது. தனி நிறத் துணிகள் போதும், நாடகத்துக்கும் அதுதான் சரி.

கூடி நிற்கும் நேரம் ஒரு மூச்சு, அதிகம் போனால் இரண்டு. பள்ளி ஆண்டுவிழாக் கடைசிக் காட்சி மாதிரி உறைந்து நின்று கைதட்டலுக்குக் காத்திருந்தால் ரகசியமே போச்சு. விளக்கைக் கூட்டாதீர்கள். கூடுவதற்கு ஒரு அன்றாடக் காரணம் கொடுங்கள்: யாரோ கீழே விழுகிறார், மற்றவர்கள் தாங்கப் போகிறார்கள். நிறங்கள் முதல் காட்சியிலிருந்தே மேடையில் கலந்திருக்க வேண்டும். அந்தக் கட்டத்துக்காக மட்டும் உடை மாற்றினால் கடைசி வரிசைக் குழந்தைகூடக் கண்டுபிடித்துவிடும்.

வளையல் கடைசி வரிசைக்குத் தெரிய வேண்டும். இரண்டு விரல் அகலமாவது வேண்டும். சங்கிலிக்கும் அதே பூச்சு. இரும்புச் சங்கிலியை எடுத்தால் வளையலுக்கும் அதற்கும் தொடர்பு அறுந்துவிடும்.

தமிழில் போடுவதாக இருந்தால் பெயர்களில் கவனம். லிவனாகை 'ஒளி' என்றால் உருவக நாடகம் என்று முகத்தில் எழுதி ஒட்டியதுபோல இருக்கும். 'சுடர்க்கொடி' என்றால் முதலில் ஒரு பெண், பிறகுதான் நாடு. நாடகக் கையேட்டில் பாத்திரங்களுக்குப் பொருள் அகராதி போடவே போடாதீர்கள். அந்தப் பக்கத்தில் 292ஆம் சட்டத்தின் எட்டாம் பிரிவை அச்சிடுங்கள், தண்டனைத் தொகையோடு.