பதில்: எத்தியோப்பியா கேள்விக்கு மதிப்பெண் ஏன் போனது?

‘இத்தாலி எத்தியோப்பியாவைத் தாக்கியபோது பன்னாட்டுச் சங்கம் ஒன்றுமே செய்யவில்லை’ என்று நீங்கள் எழுதியதை ஆசிரியர் அடித்தது சரிதான். (பன்னாட்டுச் சங்கம் என்பது முதல் உலகப் போருக்குப் பின் அமைதி காக்க நாடுகள் சேர்ந்து அமைத்த League of Nations.) 1935 அக்டோபர் 3 அன்று படையெடுப்பு. நான்கே நாளில் சங்கத்தின் கவுன்சில் இத்தாலியைக் குற்றவாளி என்றது. நவம்பர் 18 முதல் பொருளாதாரத் தடையும் வந்தது. ஆனால் அந்தத் தடையில், போருக்கு மிகவும் தேவையான பெட்ரோலியம் இல்லை! சூயஸ் கால்வாயையும் மூடவில்லை, இத்தாலியின் சர்வாதிகாரி முசோலினியின் கப்பல்கள் அதன் வழியாகவே படைகளை ஏற்றிப் போயின. அப்புறம் டிசம்பரில், கண்டித்த பிரிட்டனும் பிரான்சும் எத்தியோப்பியாவின் பெரும்பகுதியை இத்தாலிக்கே கொடுக்க ரகசியமாகத் திட்டம் போட்டன. அது பத்திரிகையில் கசிந்து நாறிப்போனது. ‘கண்டித்தது, ஆனால் வலிக்கிற இடத்தில் கைவைக்கவில்லை’ என்று திருத்தி எழுதுங்கள்.