'துங்கு' (காத்திருங்கள்) என்று சொல்லியே நான்கு மாதம்: பிடிபட்ட வேனை எப்படி மீட்பது?

கேள்வி: கோலாலம்பூர் செந்தூலில் பூ வியாபாரம் செய்கிறோம். வேன் என் பெயரில், பேங்க் கடனில் இருக்கிறது. அண்ணன் மகன் ஓட்டிப் போனபோது, கூட வந்தவனுடைய மூட்டையில் திருட்டுச் செம்புக் கம்பி இருந்ததாம். போலீஸ் வேனைப் பிடித்து நான்கு மாதமாகிறது. எப்போது கேட்டாலும் 'துங்கு' என்கிறார்கள். ஓர் ஏஜெண்டு 2,500 ரிங்கிட் கொடுத்தால் எடுத்துத் தருவதாகச் சொல்கிறார். கோர்ட்டுக்குப் போனால் போலீஸ் கோபப்பட்டு வேன் கிடைக்காமலே போய்விடுமா?

பதில்: அம்மா, முதலில் அந்த ஏஜெண்டை விடுங்கள். பாலாய் (போலீஸ் நிலையம்) வாசலிலும் கோர்ட் கேண்டீனிலும் இவர்களைத் தினமும் பார்க்கிறேன். 'உள்ளே ஆள் இருக்கு, காவ்திம் பண்ணிடலாம் (பேசி முடித்துவிடலாம்)' என்பார்கள். பணம் கைமாறியதும் போனை எடுக்க மாட்டார்கள். உண்மையிலேயே உள்ளே கொடுத்தால் நிலைமை இன்னும் மோசம். 2009 ஊழல் தடுப்பு ஆணையச் சட்டப்படி கொடுப்பவரும் குற்றவாளிதான். 20 ஆண்டு வரை சிறை. அபராதம், லஞ்சமாகக் கொடுத்த தொகையைப் போல 5 மடங்கு அல்லது 10,000 ரிங்கிட், எது அதிகமோ அதற்குக் குறையாது. உங்கள் 2,500-க்கு 12,500 ஆகிறது.

கோர்ட்டுக்குப் போவது போலீஸ்மேல் வழக்குப் போடுவது ஆகாது. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 413-ஆவது பிரிவு, பிடித்த பொருளைப் பற்றி உடனடியாக மாஜிஸ்திரேட்டிடம் தெரிவிக்கச் சொல்கிறது. யாரிடம் ஒப்படைப்பது என்று முடிவு செய்பவர் அவர். சட்டம் 'உடனடியாக' என்கிறது, மேசையில் 'துங்கு' என்கிறார்கள். ஒரு குடும்பத்தின் சோறு அந்த வேனில் ஓடுகிறது என்று யாருக்கும் தோன்றுவதில்லை.

சரி, செய்ய வேண்டியது இது. ரிப்போர்ட் நம்பர், வேன் நம்பர், பிடித்த தேதி எழுதி, வேனை விடச் சொல்லி விசாரணை அதிகாரிக்கு ஒரு கடிதம், டிபிபிக்கு (அரசுத் தரப்பு வழக்கறிஞருக்கு) ஒரு நகல். வாயால் கேட்டது கணக்கில் வராது. உங்கள் நகலில் சாப் (முத்திரை) வாங்காமல் திரும்பாதீர்கள். இரண்டு வாரத்தில் பதில் இல்லையென்றால், வழக்கறிஞர் மூலம் ஜாலான் டூத்தா கோர்ட்டில் மாஜிஸ்திரேட்டிடம் மனு போடுங்கள். மூட்டை விஷயம் உங்களுக்குத் தெரியாது, வேன் இல்லாமல் பிழைப்பு நின்றுவிட்டது என்று சத்தியப் பிரமாணத்தில் சொல்லுங்கள். 'சாட்சிப் பொருள்' என்று டிபிபி மறுத்தால், படம் எடுத்து வைத்துக்கொள்ளட்டும், விற்க மாட்டேன், பெயிண்ட் மாற்ற மாட்டேன், கூப்பிடும்போது கொண்டுவருவேன் என்று பிணை எழுதித் தரலாம். வசதி இல்லையென்றால் வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையத்தில் கேளுங்கள்.

கடன் இருப்பதால் பேங்கிடம் ஒப்புதல் கடிதமும் வேண்டும். தவணையை மட்டும் நிறுத்தாதீர்கள். தொடர்ந்து இரண்டு மாதம் தவறினால் பேங்க் வேனை இழுக்க வழி பிறக்கும்.

இதைப் படிக்கும் மற்றவர்களுக்கு ஒன்று. பிடித்தது போலீஸ் அல்ல, சுங்கத்துறை என்றால் மேலே சொன்னபடி காத்திருக்கவே கூடாது. 1967 சுங்கச் சட்டப்படி, வழக்கு எதுவும் போடப்படாத நிலையில், பிடித்த நாளிலிருந்து ஒரு மாதத்துக்குள் 'இது என்னுடையது' என்று எழுத்தில் உரிமை கோர வேண்டும். தவறினால் வண்டி அரசாங்கத்துக்குப் போய்விடும். உரிமை கோரினால்தான் அவர்கள் அதை விடுவிக்கவோ மாஜிஸ்திரேட்டிடம் அனுப்பவோ வேண்டி வரும். 'ஆபீசர் நல்லவர், அடுத்த வாரம் வரச் சொன்னார்' என்று 35-ஆவது நாள் என்னிடம் வந்தவர் உண்டு. லாரி போனது போனதுதான். எண்ணத் தொடங்க வேண்டியது பிடித்த நாளிலிருந்து, பிடித்ததாகச் சொல்லும் கடிதம் கைக்கு வந்த நாளிலிருந்து அல்ல.

அப்புறம் அம்மா, உத்தரவு கிடைத்து வேனை எடுக்கப் போகும்போது, கையெழுத்துப் போடுவதற்கு முன் பானெட்டைத் திறந்து பாருங்கள். மாதக்கணக்கில் வெயிலில் நின்ற வேன் ஒன்றை ஒருமுறை எடுக்கப் போனேன். நான்கு டயரும் அமுங்கி, சக்கரம் பாதி வரை லாலாங் புல். பேட்டரி இருந்த இடத்தில் இரண்டு வயர்தான் தொங்கியது. குறைந்தது எது என்று அந்தப் படிவத்திலேயே எழுதி, அதன் கீழே கையெழுத்துப் போடுங்கள்.