கஞ்சா வழக்கில் ‘குண்டாஸ்’ போட்டால் எந்த அடிப்படையில் எதிர்க்கலாம்?

‘குண்டாஸ்’ என்பது தடுப்புக் காவல். அது நடந்த குற்றத்துக்கான தண்டனை அல்ல. இனி நடக்கக்கூடியதைத் தடுக்க, விசாரணை இல்லாமலே அடைத்து வைப்பது. வெள்ளம் வருமுன்னே பாலத்தை மூடுவது மாதிரி. ஆனால் மழையே இல்லாதபோது மூடினால் கேள்வி வரும். தமிழ்நாட்டில் 1982-ஆம் ஆண்டின் 14-வது சட்டப்படி (குண்டர் சட்டம்) கலெக்டரோ போலீஸ் கமிஷனரோ உத்தரவிடலாம். அதிகபட்சம் 12 மாதம்.

தீர்ப்பே இல்லாமல் ஒருவரின் ஓராண்டைப் பறிப்பதால்தான் நடைமுறைப் பிசகை நீதிமன்றம் லேசில் விடுவதில்லை. அது சரியும்கூட. காரணங்களை அடைக்கப்பட்டவருக்கு 5 நாளுக்குள் தர வேண்டும், 12 நாளுக்குள் அரசு ஒப்புதல் வேண்டும், 3 வாரத்துக்குள் அறிவுரைக் குழுமத்துக்கு (காவலுக்குப் போதுமான காரணம் உண்டா என்று பார்க்கும் குழு) அனுப்ப வேண்டும்.

எதிர்க்கும் வழி, உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு, அதாவது சட்டவிரோதமாக அடைத்தவரை விடுவிக்கக் கேட்கும் மனு. முதலில் சிறையில் கொடுத்த ஆவணத் தொகுப்பைப் பக்கம் பக்கமாகப் புரட்டுங்கள். ரிமாண்ட் உத்தரவின் (நீதிமன்றக் காவலில் வைக்கச் சொல்லும் உத்தரவு) நகல் மங்கிப்போய் படிக்க முடியாமல் இருக்கலாம். ஆங்கில ஆவணத்துக்குத் தமிழாக்கம் இல்லாமல் இருக்கலாம். படிக்க முடியாததை எதிர்த்து எப்படி முறையீடு எழுதுவது? அரசியலமைப்பின் 22(5) பிரிவு தரும் முறையிடும் உரிமையே அங்கு அடிபடுகிறது. முறையீட்டை அரசு காரணமின்றித் தாமதித்தாலும் உத்தரவு ரத்தாகலாம்.

அடுத்தது ஜாமீன். ஏற்கெனவே சிறையில் இருப்பவர் மீது குண்டாஸ் போட, அவர் ஜாமீனில் வெளியே வரக்கூடும் என்று அதிகாரி காட்ட வேண்டும். ‘இதேபோன்ற வழக்கில் ஜாமீன் கிடைத்திருக்கிறது, இவரும் வெளியே வரலாம்’ என்று உத்தரவில் எழுதிவிட்டு அந்த வழக்கின் விவரம் தராவிட்டால் உத்தரவு செல்லாது என்று 2011-இல் ரேகா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது.

குண்டாஸ் ரத்தானால் கஞ்சா வழக்கே முடிந்துவிட்டது என்று பலர் நினைக்கிறார்கள். இல்லை, அது தனியாக நடக்கும், அதற்கு ஜாமீனும் தனியாக வாங்க வேண்டும்.